பாண் வண்டிக்கு ஒரு வீர இசை

எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் தினமும் பின்னேரம் ஒரு சூப்பர் ஹீரோ வருவான். நீலச் சட்டை, இடுப்பில் அகலமான பெல்ட், முதுகில் ஜன்னல் திரை மாதிரி ஒரு துணி. எந்த நாட்டுத் தொடரோ தெரியாது, தமிழில் குரல் கொடுத்துப் போடுகிறார்கள். அவன் வந்து நின்றாலே எனக்கு மயிர் சிலிர்க்கும். ஏன் சிலிர்க்கிறது என்று நான் யோசித்ததே இல்லை, என் மனைவியின் அக்கா போன் எடுத்த அந்த நாள் வரைக்கும்.

அக்கா போன் எடுத்தால் பேச்சு லேசில் முடியாது. அதனால் மனைவி ரிமோட்டை எடுத்துத் தொலைக்காட்சியின் வாயை அடைத்துவிட்டாள். படம் மட்டும் ஓடியது. நீலச் சட்டைக்காரன் பெரிய கட்டடம் ஒன்றின் மொட்டை மாடியில் நிற்கிறான். காற்றில் துணி பறக்கிறது. தாடையை இறுக்கிக்கொண்டு தூரத்தைப் பார்க்கிறான். வழக்கமாக இந்த இடத்தில் நான் தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்துவிடுவேன். அன்றைக்கு வைக்கவில்லை. உடுப்புக் காயப்போட மாடிக்கு ஏறினவன், கதவு பூட்டிக்கொண்டதில் இறங்க வழி தெரியாமல் நிற்கிறான் என்றுதான் தோன்றியது. மனைவியும் போனைக் காதில் வைத்தபடியே ஒரு கண் பார்த்தாள். பார்த்துவிட்டு அக்காவிடம் சொன்னாள்: "ஒண்ணுமில்லக்கா, டிவியில ஒருத்தன் பஸ்ஸ விட்டுட்டு நிக்கிறான்."

அவ்வளவுதான், அவன் வீரத்தில் பாதி கழன்று விழுந்துவிட்டது. மீதிப் பாதியும் சட்டையில்தான் இருந்தது.

பிறகு கவனித்தேன், என் மனைவி அந்தத் தொடரைப் பார்ப்பதே இல்லை, கேட்கிறாள். அவள் இருப்பது குசினியில். மேளம் "டம் டம் டடடம்" என்று எழும்பினால் அவன் வந்துவிட்டான் என்று அர்த்தம், அகப்பையோடு வெளியே வருவாள். தொண்டையைச் செருமுகிற மாதிரி கனத்த குழல் ஊதினால் வில்லன், அதற்கு வெங்காயம் வெட்டுவதை நிறுத்த மாட்டாள். வயலின் கேட்டால் உள்ளே இருந்தபடியே, "பாவம், இன்னைக்கு அவன் அம்மா சாகப் போறா" என்பாள். அம்மா அப்போது சிரித்த முகத்தோடு சூப் கிண்டிக்கொண்டிருப்பாள். ஆனாலும் செத்துப்போவாள்.

ஒரே ஒரு நாள் மனைவி ஏமாந்தாள். மேளம் கேட்டு அகப்பையோடு ஓடி வந்தால், நீலச் சட்டைக்குள் இருந்தவன் வேஷம் போட்ட வில்லன். அவளுக்கு வந்த கோபத்தைப் பார்த்திருக்க வேண்டும். ஆள் பொய் சொல்வதைப் பொறுத்துக்கொள்வாளாம். "மியூசிக்கே பொய் சொன்னா, பிறகு யாரத்தான் நம்புறது?" என்று கேட்டுவிட்டு உள்ளே போனாள். அன்றைக்குக் கறியில் உப்புக் கூடிவிட்டது.

இதையெல்லாம் நான் இவ்வளவு நுணுக்கமாகப் பார்ப்பதற்குக் காரணம் இருக்கிறது. எனக்கும் ஒரு இசை உண்டு. நான் பாண் வண்டிக்காரன், பேக்கரியில் சுட்டதை ரோடு ரோடாகக் கொண்டுபோய் விற்கிறவன்.

ஆட்டோவின் பின்பக்கம் கண்ணாடிப் பெட்டி, பெட்டிக்குள் றாத்தல் பாண், சீனி பனிஸ், மீன் வைத்த மாலு பாண். கூரையில் ஒரு சின்ன ஸ்பீக்கர். நாடு முழுக்கப் பாண் வண்டி என்றால் அநேகமாக ஒரே மெட்டுத்தான். அந்தக் காலத்து வெள்ளைக்காரர் யாரோ பியானோவுக்கு எழுதியதாம், மகள் சொன்னாள். பியானோவில் எப்படி இருக்குமோ, எங்கள் ஸ்பீக்கரில் பல் கூசுகிறவன் பாடுகிற மாதிரி இருக்கும். ஆனாலும் அதைக் கேட்டால் நாய் எழும்பும், பிள்ளை ஓடிவரும், அடுப்பில் இருப்பதை இறக்கி வைத்துவிட்டு அம்மாமார் படி இறங்குவார்கள். என் முகத்தை யாரும் பார்ப்பதில்லை. பார்ப்பது பனிஸை. ஒரு தடவை மாத்தளை டவுனில் காய்கறி வாங்கிக்கொண்டு நின்றபோது, என்னிடம் பல வருஷமாகப் பாண் வாங்கும் அக்கா ஒருவர் பக்கத்தில் வந்து நின்றார். யோசித்தார். "உங்கள எங்கயோ கேட்ட மாதிரி இருக்கே" என்றார். நான் மெட்டை மெதுவாகச் சீட்டியடித்துக் காட்டினேன். உடனே முகம் மலர்ந்து வீட்டு நலமெல்லாம் விசாரித்தார்.

என் பாதை ரத்தோட்டையிலிருந்து ரிவர்ஸ்டன் பக்கம் ஏறுகிற ரோடு. கடைசி நிறுத்தம் ஒரு தேயிலைத் தோட்டத்தின் மேல் டிவிசன். அதற்கு மேல் தேயிலையும் பனியும்தான். அங்கே போய்ச் சேரும்போது கொழுந்தை எடை நிறுத்து முடிந்து பெண்கள் கூடையோடு இறங்கி வருவார்கள். நான் பாண் விற்கப் போகிறேன் என்று பேக்கரி முதலாளி நினைத்துக்கொண்டிருந்தார். நானோ அவர்கள் பேச்சைக் கேட்கப் போய்க்கொண்டிருந்தேன். பள்ளிக்கூடம் பாதியில் நின்றவன் நான். எனக்குத் தெரிந்த தமிழில் முக்கால்வாசி அந்த நிறுவைக் கொட்டிலடியில் படித்தது.

இந்த வேலைக்கு வருமுன் நான் அதே பேக்கரியில் பாண் வேகிற போறணையடியில் நின்றவன். போறணையில் சூடு பெரிய விஷயமில்லை, பழகிவிடும். பேச ஆள் இல்லாததுதான் பழகவில்லை. மாவிடம் என்ன சொன்னாலும் அது உப்பிக்கொண்டு சும்மா இருக்கும். அதனால் ஆட்டோச் சாவி என் கைக்கு வந்த நாளைக் கல்யாண நாளை விடப் பெரிதாக நினைத்திருந்தேன். மனைவிக்கும் இது தெரியும். சொல்லிக்காட்டுவாள்.

அந்தச் சாவிக்குத்தான் ஆபத்து வந்தது.

வேறு பேக்கரி ஒன்று அதே ரோட்டில் ஒரு புது வண்டி விட்டது. ஓட்டுவது ஒரு நல்ல பையன், சிரித்த முகம், புதிதாகக் கல்யாணமானவர். அவரைக் குற்றம் சொல்ல எனக்கு ஒன்றும் கிடைக்கவில்லை, தேடிப் பார்த்தேன். அவருக்கும் அதே மெட்டு. எனக்குக் கொஞ்சம் முந்திப் புறப்படுவார். சனம் மெட்டைக் கேட்டு இறங்கி வந்து, பாண் வாங்கி, வீட்டுக்குப் போய்விடும். பிறகு நான் அதே மெட்டோடு மூச்சிரைக்க ஏறிப் போவேன். "இப்பத்தானே அண்ணே வாங்கினோம், மறந்துட்டீங்களா?" என்று கேட்பார்கள். அவர்கள் என்னிடமே வாங்கியதாகத்தான் நினைத்துக்கொண்டிருந்தார்கள். என்னிடமே வாங்கியவர்களிடம் நான் எப்படிக் கோபிப்பது?

பெட்டி நிறைந்தபடி திரும்பி வரத் தொடங்கியது. எங்கள் முதலாளி ஒரு முஸ்லிம் பெரியவர், சத்தம் போட்டுப் பேசாதவர். ஒருநாள் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, "தம்பி, நெறஞ்சு போய் நெறஞ்சு வந்தா அது பாண் விக்கிறது இல்ல, பாணுக்கு மலை சுத்திக் காட்டுறது" என்றார். நான் சிரித்தேன், அவர் சிரிக்கவில்லை. மேல் டிவிசனில் மாரியம்மன் திருவிழா வருகிறது, அதுவரைக்கும் பார்ப்பதாகவும், அப்போதும் இப்படியே வந்தால் வண்டியை வேறு ரோட்டுக்கு வேறு ஆளிடம் கொடுத்துவிடுவதாகவும், போறணையில் எனக்கு எப்போதும் இடம் இருக்கிறதென்றும் தன்மையாகச் சொன்னார். தன்மையாகச் சொன்னதுதான் பயமாக இருந்தது.

வழி சொன்னது மகள். டவுனில் ஒரு போன் கடையில் வேலை செய்கிறாள். ரெண்டு வண்டிக்கும் ஒரே மியூசிக் என்றால் சனத்துக்கு எப்படி வித்தியாசம் தெரியும் என்று கேட்டவள், மறுநாளே நீலச் சட்டைக்காரனின் இசையை ஒரு சிப்பில் போட்டுக்கொண்டு வந்துவிட்டாள். கூடவே பெட்டியைச் சுற்றிக் கட்டுவதற்கு மின்னி மின்னி எரிகிற கலர் பல்புச் சரமும். ஸ்பீக்கரையும் பெரிதாக மாற்றினோம்.

முதல் நாள் அந்த மேளம் என் தலைக்கு மேலே எழும்பியபோது என் முதுகு தானாக நிமிர்ந்தது. இது உண்மை, நான் நிமிர்த்தவில்லை. வளைவில் ஒரு கையால் திருப்பினேன். எதிரே வந்த லொறிக்கு வழி விட்டபோதுகூட ஏதோ உயிர்ப்பிச்சை கொடுத்தது போலத்தான் விட்டேன். இரண்டாம் நாள் கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டேன். மனைவி வாசலில் நின்று மேலும் கீழும் பார்த்துவிட்டு, "பாண் விக்கப் போறீங்களா, இல்ல யாரையும் காப்பாத்தப் போறீங்களா?" என்று கேட்டாள். தாடையை இறுக்கிக்கொண்டேன். அப்படிப்பட்ட ஆட்கள் பதில் சொல்வதில்லை, தூரத்தைப் பார்ப்பார்கள்.

ஒரு சங்கடம் மட்டும் இருந்தது. அந்த இசை பறக்கிறவனுக்கு எழுதியது. என் வண்டியோ ஏற்றத்தில் முதல் கியரில் இருமிக்கொண்டு ஏறும். மேளம் முழங்கி, எக்காளம் ஊதி, ஆண்கள் கூட்டமாக "ஓ ஓ" என்று பாடி, உலகமே காப்பாற்றப்பட்டு இசை முடியும்போது நான் அதே தைல மரத்தடியில்தான் இருப்பேன். பள்ளிக்கூடம் விட்டுப் போகும் பிள்ளைகள் நடந்தே என்னைத் தாண்டிப் போனார்கள். தாண்டும்போது மரியாதையாகக் கை காட்டினார்கள்.

நிறுவைக் கொட்டிலடியில் எனக்கு நல்ல வரவேற்பு. பெண்களில் ஒரு அக்கா இருந்தார், வாய்க்கு யாரும் நிற்க முடியாது. வண்டியைக் கண்டதும் கூடையை இறக்கி வைத்துக் கும்பிட்டு, "வந்துட்டீங்களா தெய்வமே, உலகத்த பிறகு பாத்துக்கலாம், ரெண்டு சீனி பனிஸ் குடுங்க" என்றார். அன்றைக்கு முழுக்க அவர்களுக்கு அதே விளையாட்டு. யார் வரும்போது என்ன மியூசிக் போட வேண்டும் என்று ஒவ்வொருவராக முடிவு செய்தார்கள். கணக்குப்பிள்ளைக்கு அந்தக் கனத்த குழல். ஒருத்தியின் மாமியாருக்கு மேளம், குழல், எக்காளம் மூன்றும் சேர்த்து. ஒருத்தியின் புருஷன் சம்பள நாளில் வீட்டுக்கு வரும்போது என்ன போடுவது என்று கேட்டதற்கு, அந்த அக்கா, "அதுக்கு ஒண்ணும் போட வேணாம், படியில விழுற சத்தமே போதும்" என்றார். சிரித்ததில், இன்னும் நிறுக்காமல் நின்ற ஒருத்தியின் கூடை கவிழ்ந்து கொழுந்தெல்லாம் கொட்டிப்போனது. எல்லாரும் சேர்ந்து பொறுக்கினோம், ஹீரோவும்தான்.

இசை ஒரு ஆளை எப்படியெல்லாம் செய்துவிடுகிறது பாருங்கள். ஒரு வீட்டில் குளிக்கிற இடத்தில் பாம்பு புகுந்துவிட்டது. என் மேளம் கீழே கேட்டதும், ஹீரோ வரட்டும் என்று காத்திருந்தார்களாம். நான் காலில் அட்டை ஏறினாலே கத்துகிறவன். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி போட்டு, நிலைமையை ஆராய்ந்துகொண்டு நின்றேன். அதற்குள் வீட்டுக்கார அம்மா ஒரு கம்பால் அதைத் தூக்கித் தேயிலைக்குள் போட்டுவிட்டு வந்து, கை கழுவி, அரை றாத்தல் பாண் கேட்டார். "நீங்க பக்கத்துல நின்னதே பெரிய தெம்பு" என்றார். கேலியா, உண்மையா என்று இன்றைக்கும் தெரியாது.

ஆனால் பெயர் ஏறிய அளவுக்குப் பாண் இறங்கவில்லை. ஓடி வருவது பிள்ளைகள், காசு முடிந்த மடிச்சீலை இருப்பது அம்மாமாரிடம். அவர்களோ முந்தின வண்டியில் வாங்கியாகிவிட்டது, என்னைப் பார்க்கத்தான் வந்தார்கள். முதலாளி தினமும் பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு மூடினார். திருவிழா நெருங்கியது. போறணையின் வாய் எனக்குக் கனவில் எல்லாம் திறந்துகொண்டு நின்றது.

சாமி மேல் டிவிசனுக்கு வருகிற நாளுக்காக எல்லாரையும் விட நான்தான் ஆவலோடு காத்திருந்தேன். அங்கே வழக்கம் இப்படி: கீழே கோயிலில் இருந்து டிராக்டர் பெட்டியில் தேர் கட்டி, பூவும் பல்பும் சோடித்து, தோட்டத்து உள் ரோட்டால் லயம் லயமாக, வரிசை வீடுகள் ஒவ்வொன்றையும் தொட்டு அம்மன் வரும். முன்னால் தப்பும் உறுமியும் போகும். தேர் ஆளின் நடையை விட மெதுவாகத்தான் ஏறும். ஒவ்வொரு லயத்திலும் சனம் ரோட்டோரத்தில் நிறைகுடம் வைத்து, தட்டில் கற்பூரத்தோடு காத்திருந்து, தேர்ச் சக்கரத்துக்கு மஞ்சள் தண்ணீர் ஊற்றும். மத்தியானத்துக்குள் அம்மன் மேல் டிவிசனைக் கடந்துவிடும் என்றும், மொத்தச் சனமும் ரோட்டில் நிற்கும், விரதம் விட்ட பசியும் இருக்கும் என்றும் நான் கணக்குப் போட்டேன். விரத நாளென்பதால் மாலு பாணை விட்டுவிட்டு, றாத்தல் பாணும் சீனி பனிஸும் மட்டும் பெட்டி நிறைய ஏற்றினேன். வண்டியைக் கழுவி, முன்னால் ஊதுபத்தி கொளுத்தி வைத்தேன். சாமி நாளாயிற்றே என்று வண்டி வாசலில் ஒரு சாமந்தி மாலையும் கட்டினேன்.

எனக்குத் தெரியாத விஷயம், தேர் இன்னும் வரவில்லை.

மெயின் ரோட்டை விட்டுத் தோட்டத்து ரோட்டுக்குத் திரும்பும்போது பனி இறங்கிவிட்டது. ரிவர்ஸ்டன் பக்கத்துப் பனியைத் தெரிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, தெரியாதவர்களுக்குச் சொல்லிப் புரியவைக்கவும் முடியாது. முன்னால் இருக்கும் சக்கரம் தெரியாது. பல்புச் சரத்தைப் போட்டேன். கூட்டம் பெரிது என்பதால் சத்தத்தையும் முழுதாகக் கூட்டினேன். முதல் கியர். டம் டம் டடடம்.

இதை மேலே நிற்கிறவர்கள் பக்கத்திலிருந்து யோசித்துப் பாருங்கள். விடியற்காலையிலிருந்து பட்டினி. இதோ வருகிறது, இதோ வருகிறது என்று கால் கடுக்க நிற்கிறார்கள். பனிக்குள்ளிருந்து மேளம் கேட்கிறது. ஆள் நடக்கிற வேகத்தை விட மெதுவாக ஏறி வருகிறது. பிறகு கலர் வெளிச்சம் மின்னுகிறது. பிறகு ஊதுபத்தி வாசம். பிறகு சாமந்தி.

கடைசி வளைவு திரும்பியதும் ரெண்டு பக்கமும் சனம் தலைக்கு மேல் கை கூப்பி நிற்பதைக் கண்டேன். ஒரு நொடி, ஒரே ஒரு நொடி, அது எனக்குத்தான் என்று நினைத்துவிட்டேன். அந்த இசை அப்படி. அதற்குள் ஒரு பெண் கண்ணை மூடியபடியே முன்சக்கரத்தில் மஞ்சள் தண்ணீரைக் குடத்தோடு கவிழ்த்துவிட்டார். இன்னொருவர் கண்ணாடிக்கு முன்னால் கற்பூரத் தட்டைச் சுற்றினார். மூன்றாவது சுற்றில் புகை விலகியது. உள்ளே கறுப்புக் கண்ணாடி போட்ட என் முகம்.

"ஐயோ, பாண்கார அண்ணே."

அவர் அதை மெதுவாகத்தான் சொன்னார். ஆனால் தட்டை நிறுத்தத் தெரியாமல் இன்னும் சுற்றிக்கொண்டே இருந்தார். பின்னால் இருந்தவர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை, அரோகரா போட்டுக்கொண்டிருந்தார்கள். நான் கையை நீட்டிச் சத்தத்தை நிறுத்தினேன்.

நிறுத்தியதும் கூட்டத்தின் நடுவிலிருந்து ஒரு உறுமல் கேட்டது. நிறுவைக் கொட்டிலடியில் என்னைக் கும்பிட்டு பனிஸ் கேட்ட அதே அக்கா. கூந்தல் அவிழ்ந்து, கண் மேலே போய், உடம்பு நடுங்கிக்கொண்டிருந்தது. அருள் வந்துவிட்டது. "மேளத்த நிறுத்தாத" என்றது குரல். அது அவருடைய குரல் மாதிரி இல்லை.

கோயில் தலைவர் தோளில் துண்டோடு என்னை நோக்கி வேகமாக வந்துகொண்டிருந்தார். என்னைத் திட்டத்தான் வந்தார், முகத்தில் எழுதியிருந்தது. ஆனால் பாதி வழியில் நின்று அந்த அக்காவைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், ஸ்பீக்கரைப் பார்த்தார். "போடுங்க தம்பி" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு. "வந்துருச்சு. இப்ப என்ன மேளம்னு பாக்க முடியாது."

போட்டேன். மேளம் வந்தபோது அக்கா ஆடினார். சொல்லத்தான் வேண்டும், அந்த மேளத்துக்கு அந்த நீலச் சட்டைக்காரன் ஒருநாளும் அப்படி நின்றதில்லை. எக்காளம் வந்தபோது ஆட்டம் நின்றது. தலையைச் சாய்த்து, இது என்ன புதுசாக இருக்கிறதே என்பது போலக் கேட்டார். ஆண்கள் "ஓ ஓ" பாடியபோது பொறுமையாக இருந்தார். இசை முடிந்து, மறுபடி முதலிலிருந்து மேளம் எழும்பியதும் மறுபடி ஆடினார். சனமும் இதைப் பழகிக்கொண்டது. மேளத்துக்குக் கும்பிட்டார்கள், எக்காளத்துக்கு மூச்சு வாங்கினார்கள்.

தலைவர் கற்பூரத்தோடு முன்னால் போய், "யாரு தாயி வந்திருக்கிறது? என்ன கொறை?" என்று கேட்டார்.

"கொறையா?" என்றது குரல். "என் வண்டி கான்ல எறங்கிக் கெடக்கு. நீங்க இங்க வேடிக்கை பாக்குறீங்க. போய்த் தூக்குங்கடா."

ஆண்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். பிறகு நான் ஏறி வந்த ரோட்டை விட்டு, மறுபக்கத்து உள் ரோட்டால் கீழே ஓடினார்கள். உண்மையிலேயே ரெண்டு வளைவுக்குக் கீழே டிராக்டரின் சக்கரம் தண்ணி ஓடுகிற ரோட்டோரக் கானுக்குள் இறங்கி, தேர் ஒரு பக்கம் சரிந்து நின்றதாம். தப்படிக்கிறவர்களும் மேளத்தை வைத்துவிட்டுத் தோள் கொடுத்துக்கொண்டிருந்தார்கள், அதனால்தான் சத்தமே இல்லை. அந்த அக்காவுக்கு இது எப்படித் தெரியும் என்று இன்றைக்கும் பேச்சு நடக்கிறது. நேரமாகிவிட்டதே, தேர் வராவிட்டால் கானில்தான் கிடக்கும், இதற்குச் சாமி வேறு வர வேண்டுமா என்கிறாள் என் மனைவி. ஆனால் வெள்ளிக்கிழமைகளில் அப்படிச் சொல்வதில்லை.

திருநீறு பூசியதும் அந்த அக்கா அமைதியாகி, ரோட்டோரத்தில் உட்கார்ந்து தண்ணீர் குடித்தார். சுற்றிப் பார்த்தார். மஞ்சள் தண்ணீர் வழிய நின்ற என் வண்டியைப் பார்த்தார். நடந்ததை யாரோ காதில் சொன்னார்கள். எனக்கு உயிர் போய் வந்தது. மேல் டிவிசனில் என்னை இனி விடமாட்டார்கள், முதலாளி சாவியை வாங்கிவிடுவார், நாளைக்குப் போறணை என்று எல்லாம் வரிசையாகத் தெரிந்தது.

அக்கா வாயைத் துடைத்துக்கொண்டு சொன்னார்: "ஆத்தாவுக்கு யாரு அடிச்சா என்ன, வந்துட்டா. கற்பூரம் காட்டின பாண திருப்பி அனுப்பலாமா? எனக்கு சீனி பனிஸ் எடுத்து வைங்க."

அந்த ஒரு சொல்தான். கற்பூரம் காட்டினது வண்டிக்கா பாணுக்கா என்று ஒரு சின்ன வாக்குவாதம் நடந்தது. கண்ணாடிப் பெட்டி என்பதால் புகை பாணுக்கும் தெரிந்திருக்கும் என்று ஒரு பெரியவர் தீர்த்துவைத்தார். தேர் மேலே வந்து பூசை முடிந்த பிறகு தேர் தூக்கியவர்கள், மேளகாரர்கள், விரதம் விட்டவர்கள் என்று எல்லாருமாகப் பெட்டியைத் துடைத்து எடுத்துவிட்டார்கள். கடைசியில் ஒரு றாத்தல் பாணை நாலு வீட்டுக்குப் பங்கு வைத்தேன்.

புறப்படும்போது தலைவர் வண்டிக்குப் பக்கத்தில் வந்தார். கோபம் போயிருந்தது, பொறுப்பு இருந்தது. "தம்பி, இந்த மியூசிக் இனி இங்க வேணாம். சாமிக்கு அடிக்கிறது வேற, பனிஸுக்கு அடிக்கிறது வேற. சனம் கண்ண மூடிக் கும்பிடுற எடம் இது. காதையும் ஏமாத்துனா என்ன செய்வாங்க?" என்றார். என் மனைவி அகப்பையோடு நின்று சொன்ன அதே வார்த்தைதான், வேட்டி கட்டிக்கொண்டு வந்திருந்தது. சரி தலைவரே என்றேன்.

முதலாளி பெட்டியைத் திறந்தார். உள்ளே தலையை விட்டுப் பார்த்தார். "என்ன தம்பி, மலைக்கே குடுத்துட்டு வந்துட்டீங்களா?" என்றார். நடந்ததைச் சொன்னேன். சிரித்துச் சிரித்து மாவு மூட்டையில் உட்கார்ந்துவிட்டார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, தங்கள் பள்ளிவாசல் பக்கம் அந்த மேளத்தைக் கொண்டுபோய்விட வேண்டாம் என்றார். ஆனால் வியாபாரி வியாபாரிதான். திருவிழா தினமும் வராது, சாதாரண நாளில் எப்படி என்று இன்னும் கொஞ்சம் பார்ப்போம் என்று முடித்தார்.

மறுபடி புறப்பட்ட நாள் எனக்கு மறக்காது. பழைய மெட்டைப் போட்டால் மற்ற பேக்கரித் தம்பியின் வண்டியென்று நினைப்பார்கள். வீர இசைக்குத் தடை. சிப்பைக் கழற்றி வைத்தேன், கறுப்புக் கண்ணாடியை வீட்டில் வைத்தேன், பல்புச் சரத்தை மகள் கழற்றினாள். ஒரு சத்தமும் இல்லாமல் ஏறினேன். ஸ்பீக்கர் இல்லாத பாண் வண்டிக்காரன் என்றால், அந்த மொட்டை மாடிக்காரன்தான், பஸ்ஸை விட்டுவிட்டு நிற்கிறவன். மெயின் ரோட்டில் ஒருவரும் திரும்பிப் பார்க்கவில்லை. பெட்டி நிறைந்திருந்தது. இதுதான் கடைசி ஏற்றம் என்று நினைத்துக்கொண்டே கடைசி வளைவைத் திருப்பினேன்.

ரோட்டில் ஆட்கள் நின்றார்கள். பையோடு நின்றார்கள்.

மற்ற வண்டி இன்றைக்கு வரவில்லையா என்றுதான் முதலில் கேட்டேன். வந்தது, போய்விட்டது என்றார்கள். என்னிடம் வாங்குவதற்காக நின்றார்களாம். ஸ்பீக்கர் போடாமல் நான் வருவது எப்படித் தெரியும் என்று கேட்டேன். அந்த அக்கா கூடையைச் சரிசெய்துகொண்டு பதில் சொன்னார்:

"அந்தத் தம்பியோடது புது வண்டி, பூனை மாதிரி வரும். உங்களுது கீழ தைல மரத்துலயிருந்தே இருமிக்கிட்டு வருமே அண்ணே. இவ்வளவு நாளும் அந்த டிங்கிடி டிங்கிடியப் போட்டு நீங்களே அத மறைச்சு வச்சிருந்தீங்க."

பின்னால் ஒருத்தி, சாமியையே ஏமாற்றின வண்டி, அதில் வாங்காமல் வேறு எதில் வாங்குவது என்றாள். பிள்ளைகள் மட்டும் கொஞ்சம் வாடிப்போயிருந்தார்கள். அவர்களுக்காக டம் டம் டடடம் என்று வாயால் போட்டுக் காட்டினேன். சின்னது ஒன்று, அது அப்படி இல்லை என்று திருத்தியது.

அதற்குப் பிறகு பெட்டி நிறைந்தபடி வந்ததில்லை. நாலைந்து பாண் வரும், அது மழை நாளுக்கும் சம்பளத்துக்கு முந்தின நாளுக்கும் உள்ளது. முதலாளி போறணைப் பேச்சை எடுக்கவில்லை. சாவி என் சட்டைப் பையில்தான் இருக்கிறது. அந்தத் தம்பி இப்போது நீலச் சட்டைக்காரனின் இசையைப் போட்டுக்கொண்டு மெயின் ரோட்டில் பறக்கிறார். சிப்பைக் கொடுத்தது நான்தான். மேல் டிவிசன் பக்கம் போட வேண்டாமென்று மட்டும் சொல்லிக் கொடுத்தேன்.

போன வாரம் ரத்தோட்டை மெக்கானிக் வண்டியைப் பார்த்துவிட்டு, எஞ்சினில் சின்ன வேலைதான், ஒரு மத்தியானத்தில் இந்த இருமலை அடியோடு நிறுத்திவிடலாம் என்றார். வேண்டாம் என்றேன். என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தார். அந்த இருமல் கெட்டுப்போகாமல் பார்த்துக்கொள்ள ஏதாவது வழி இருக்கிறதா என்று கேட்டேன்.